நிழற்படக் கண்ணோடு சினிமாவுக்கு வந்த சத்யஜித் ரே

தெற்குக் கல்கத்தாவின் பவானிபூர் பகுதியிலிருந்த தாய்மாமன் வீட்டில் வளர்ந்த சிறுவன் ஒருவனுக்குக் கோடைகால நண்பகல்கள் பெரும் விந்தையாக அமைந்தன. வெயிலைத் தடுப்பதற்காக அறையின் யன்னற் கதவுகள் சாத்தப்பட்டிருக்கும். அவற்றின் இடுக்கு வழியாக நுழையும் ஒளி, எதிர்ச்சுவரிலே வெளியே வீதியிற் செல்லும் மனிதர்களையும் வாகனங்களையும் தலைகீழாக வரைந்து காட்டும். கட்டணமின்றிக் கிடைத்த அந்தச் சித்திரக் காட்சியை அச்சிறுவன் மணிக்கணக்காகப் பார்த்துக்கொண்டிருந்தான். சத்யஜித் ரே தமது சிறுபராய நினைவுகளை 1982 ஆம் ஆண்டில் நூலாக்கியபோது இதனையும் மறவாமற் பதிவு செய்துள்ளார்.

இருட்டறையின் சிறு துவாரத்தினூடாக வெளியுலகம் சுவரில் விழும் இந்த நிகழ்வைப் பதினோராம் நூற்றாண்டிலேயே பரிசோதனைகள் மூலம் ஆராய்ந்தவர், பஸ்ராவிற் பிறந்து கெய்ரோவில் வாழ்ந்த அறிஞர் இப்னுல் ஹைதம். இன்றைய கமராவின் தத்துவம் அங்கிருந்தே நீண்டு வருகின்றது. கல்கத்தாச் சிறுவனுக்கு அப்போது அந்த வரலாறு தெரிந்திருக்க நியாயமில்லை. ஆயினும், ஒன்றும் நடவாத ஒரு தெருவை ஒரு சட்டகத்துக்குள் வைத்துப் பார்த்தால் அது பார்க்கத் தகுந்ததாக மாறிவிடுகின்றது என்ற உண்மையை அவன் அந்தச் சுவரிலிருந்தே கற்றுக்கொண்டான் எனலாம். பின்னாளில் அவர் எடுத்த முப்பதுக்கும் மேற்பட்ட திரைப்படங்களிலும் இந்தப் பாடம் ஊடாடி நிற்கின்றது.

1921 மே 2 ஆம் திகதி கல்கத்தாவிற் பிறந்த ரே, படங்களை அச்சிடுவதையே தொழிலாகவும் தவமாகவும் கொண்ட குடும்பமொன்றின் வாரிசாவார். பாட்டனார் உபேந்திரகிஷோர் ரே சௌத்ரி, எழுத்தாளர், ஓவியர், வயலின் கலைஞர் என்ற பல முகங்களுக்கும் மேலாக, புகைப்படங்களைத் தாளில் அச்சிடுவதற்கான அரைத்தொனி அச்சுக்கட்டைத் துறையில் இந்தியாவின் முன்னோடியாக விளங்கியவர். ஒளியும் நிழலும் நுண்புள்ளிகளாகப் பிரிந்து தாளில் எவ்வாறு படமாகின்றன என்பது குறித்து அவர் எழுதிய ஆய்வுக் கட்டுரைகளை லண்டனிலிருந்து வெளியான அச்சுத்துறை ஆண்டிதழான பென்றோஸ் வெளியிட்டது. 1913 இல் அவர் தொடங்கிய சந்தேஷ் என்னும் சிறுவர் சஞ்சிகை வங்காளக் குழந்தைகளின் பல தலைமுறைகளை வளர்த்தது. தந்தையார் சுகுமார் ரே புகைப்படத் தொழில்நுட்பமும் அச்சுக்கலையும் பயில்வதற்காக 1911 இல் இங்கிலாந்து சென்றவர். பிரித்தானிய அரச புகைப்படச் சங்கத்தின் உறுப்பாண்மை பெற்றவர். வங்காள மொழியிலே அபத்த நகைச்சுவைக் கவிதைக்கு அவருக்கு இணையாக இன்றுவரை எவரும் இல்லை.

ஆனால் அந்தத் தந்தையை மகன் அறியவில்லை. கறுப்புக் காய்ச்சல் எனப்படும் காலா அசார் நோய் 1923 செப்டெம்பரில் சுகுமாரின் உயிரைப் பறித்தபோது அவருக்கு வயது 35, மகனுக்கு இரண்டு. சில ஆண்டுகளில் குடும்பத்தின் அச்சகமும் கடனில் மூழ்கிக் கைமாறியது. தாயார் சுப்ரபா மகனை அழைத்துக்கொண்டு தம் சகோதரர் வீட்டுக்கு வந்து, விதவைகளுக்கான பாடசாலையொன்றிற் கைப்பணி கற்பித்து அவரை வளர்த்தார். யன்னல் இடுக்கின் வழியே ஒளி நுழைந்த வீடு இதுதான்.

பாடசாலை மாணவனாக இருந்தபோதே ரேயின் கையில் கமரா வந்துவிட்டது. 1936 இல் ஆங்கிலச் சிறுவர் சஞ்சிகையொன்று நடத்திய புகைப்படப் போட்டியில் அவருக்குப் பரிசும் கிடைத்தது. பிரசிடென்சிக் கல்லூரியில் விஞ்ஞானமும் பொருளியலும் பயின்று பட்டம் பெற்ற பின்னர், தாயாரின் வற்புறுத்தலினால் 1940 இல் தாகூரின் சாந்திநிகேதனில் ஓவியம் கற்கச் சென்றார். நகரத்து இளைஞனான அவருக்கு அந்தக் கிராமத்து ஆச்சிரமத்தில் ஆரம்பத்தில் நாட்டமில்லை. ஆனால் நந்தலால் போஸ், பினோத் பிஹாரி முகர்ஜி ஆகிய இரு ஆசிரியர்களும் அவரது பார்வையைத் திருப்பினர். மரத்தை வரையுமுன் மரத்தைப் பார்க்க வேண்டும், வெளிக்கோட்டை அல்ல உள்ளே ஓடும் உயிர்ப்பை வரைய வேண்டும் என்பது அந்தக் கலாபவனத்தின் பாடமாக இருந்தது. அதற்கும் பல ஆண்டுகளுக்கு முன்பே, சிறுவனாகத் தாயாருடன் சென்றிருந்தபோது, தாகூர் அவரது கையொப்பப் புத்தகத்தில் ஒரு சிறு கவிதையை எழுதிக் கொடுத்திருந்தார். தூரதேசங்களைத் தேடிப்போகும் மனிதன் தன் வாசற்படியில் இருப்பதைக் காணாது விடுகிறான் என்ற கருத்தமைந்த அக்கவிதையை ரே பிற்காலத்தில் அடிக்கடி நினைவுகூர்ந்தார்.

படிப்பை முடிக்காமலே கல்கத்தா திரும்பிய ரே, 1943 ஏப்ரலில் டி. ஜே. கீமர் என்ற பிரித்தானிய விளம்பர நிறுவனத்தில் மாதம் 80 ரூபா சம்பளத்தில் இளநிலை ஓவியராகச் சேர்ந்தார். அந்த ஆண்டு வங்காளத்தின் சாபக்கேடான ஆண்டு. சுமார் முப்பது இலட்சம் பேரைப் பலிகொண்டதாக மதிப்பிடப்படும் பெரும் பஞ்சத்தின் ஆண்டு அது. கிராமங்களிலிருந்து கஞ்சிக்காக நகரை நோக்கி வந்தவர்கள் கல்கத்தாவின் நடைபாதைகளில் மடிந்துகொண்டிருந்தனர். ஸ்டேட்ஸ்மன் பத்திரிகை 1943 ஓகஸ்டில் அவர்களின் புகைப்படங்களை வெளியிட்ட பின்னரே உலகம் திரும்பிப் பார்த்தது. சுனில் ஜானா என்ற இளைஞர் கிராமம் கிராமமாகச் சென்று எடுத்த படங்கள் இன்றும் பார்ப்போரை உறைய வைப்பவை. அதே நகரில், அதே வீதிகளினூடாக, ரே அலுவலகத்துக்குச் சென்று வந்துகொண்டிருந்தார். தேயிலைக்கும் பிஸ்கற்றுக்கும் விளம்பரங்கள் தேவைப்படும் ஓர் உலகம் பஞ்சத்தின் நடுவேயும் வழமைபோல இயங்கிக்கொண்டுதான் இருந்தது. அந்த அனுபவம் படமாக வெளிவர முப்பது ஆண்டுகள் சென்றன.

சுனில் ஜானாவும் ரேயும் நண்பர்கள். 1947 இல் ரே, சிதானந்த தாஸ்குப்தா முதலியோர் தொடக்கிய கல்கத்தா திரைப்படச் சங்கத்தில் ஜானாவும் இருந்தார். 1949 இல் ஜானாவின் புகைப்பட நூலை சிக்னெற் பதிப்பகம் வெளியிட்டபோது அதனை வடிவமைத்தவர் ரேயே. அக்காலத்தில் ரேயின் பெயர் நூல் அட்டைகளாலேயே அறியப்பட்டிருந்தது. விபூதிபூஷண் பந்தோபாத்யாயவின் பதேர் பாஞ்சாலி நாவலின் சிறுவர் பதிப்புக்குப் படம் வரையும் பொறுப்பு அவருக்குக் கிடைத்ததும் அந்தப் பதிப்பகத்தின் வழியாகவே. அபு, துர்க்கா என்ற இரு பிள்ளைகளும் முதலில் மரச்செதுக்குப் பாணியிலான சித்திரங்களாகவே அவர் கையிற் பிறந்தனர்.

1949 இல் பிரெஞ்சு நெறியாளர் ஜோன் ரெனுவார், நதி என்ற தமது படத்துக்கு இடம் பார்ப்பதற்காக வங்காளம் வந்தார். விடுமுறை நாட்களில் அவருக்கு வழிகாட்டியாகச் சென்ற ரே, ஒரு வாழை மரத்தையும் ஒரு குளத்தையும் ஒரு வெளிநாட்டவர் நின்று பார்க்கும் விதத்தைக் கண்டு வியந்தார். இங்கே ஓர் ஒற்றுமையைச் சொல்லியாக வேண்டும். உலகப் புகழ்பெற்ற பிரெஞ்சுப் புகைப்படக் கலைஞர் ஹென்றி கார்த்தியே பிரசோன் 1930 களில் இதே ரெனுவாரிடம் உதவி நெறியாளராகப் பணிபுரிந்தவர். 1947 இன் பிற்பகுதியிலும் 1948 இலும் அவர் இந்தியாவில் எடுத்த படங்கள், குறிப்பாகக் காந்தியடிகளின் இறுதி நாட்களும், ஸ்ரீநகரின் மலைச்சரிவில் நின்று கைகளை ஏந்திப் பிரார்த்திக்கும் முஸ்லிம் பெண்களும், உலகின் நினைவில் நிலைத்தவை. செயற்கை ஒளி பாய்ச்சாமல், எவரையும் நிறுத்திவைக்காமல், இருக்கும் வெளிச்சத்தில் இருக்கும்படியே மனிதரைப் படமெடுக்கும் அவரது முறை ரேயை ஆழமாகப் பாதித்தது. படப்பிடிப்பு நிலையங்களில் சுவரெங்கும் விளக்குகளை மாட்டி, பாத்திரங்களுக்கு மூன்று நிழல் விழச் செய்துகொண்டிருந்த அன்றைய இந்திய சினிமாவுக்கு இது முற்றிலும் அந்நியமான ஒழுக்கம்.

1950 இல் நிறுவனத்தின் பணிக்காக லண்டன் சென்ற ரே, அங்கிருந்த சில மாதங்களில் நூறு படங்கள்வரை பார்த்தார். அவற்றுள் விற்றோரியோ டி சிக்காவின் சைக்கிள் திருடர்கள் அவரது தயக்கத்தை நீக்கியது. நாடு திரும்பும் கப்பலிலேயே பதேர் பாஞ்சாலிக்கான குறிப்புகளை எழுதத் தொடங்கினார். அவரிடம் முழுமையான திரைக்கதைப் பிரதி எதுவும் இருக்கவில்லை. இருந்தது ஓவியங்கள் நிறைந்த ஒரு குறிப்பேடு. ஒவ்வொரு காட்சியும் அசையாப் படமாக முதலில் தாளில் வந்தது. பிற்காலத்திலும், சிவப்புத் துணியால் கட்டப்பட்ட கணக்குப் புத்தகங்களில் ஆடைகள், அரங்குகள், முகங்கள், இசைக் குறிப்புகள் அனைத்தையும் தாமே வரைந்தும் எழுதியும் வைப்பது அவரது வழக்கமாயிற்று.

ஒளிப்பதிவுக்கு அவர் தெரிவு செய்தவர் சுப்ரத மித்ரா. வயது 21. அதுவரை ஒரு சினிமாக் கமராவைத் தொட்டதில்லை. ரெனுவாரின் படப்பிடிப்பைத் தினமும் வேடிக்கை பார்த்து, குறிப்பெடுத்து, புகைப்படம் பிடித்ததே அவரது தகைமை. அனுபவசாலிகள் சிரித்தார்கள். மழையிற் படமெடுக்க முடியாது, மங்கலான வெளிச்சத்திற் படமெடுக்க முடியாது என்றெல்லாம் அவர்கள் எச்சரித்தார்கள். முடியாதென்று சொல்லப்பட்டதைத் தெரியாதவர்களே அதனைச் செய்யத் துணிவார்கள் என்பதற்கு இது நல்ல உதாரணம்.

1952 ஒக்டோபர் 27 ஆம் திகதி படப்பிடிப்புத் தொடங்கியது. வெண்ணிறக் காஷ் பூக்கள் அடர்ந்த வயல்வெளியில் அபுவும் துர்க்காவும் முதன்முறையாகப் புகையிரதத்தைக் காணும் காட்சி அது. ஒருநாள் எடுத்துவிட்டு மறுவாரம் சென்று பார்த்தபோது பூக்கள் முழுவதையும் மாடுகள் மேய்ந்துவிட்டிருந்தன. அடுத்த பூக்காலம் வரை காத்திருக்க நேர்ந்தது. பணம் அதைவிட அரிதாக இருந்தது. காப்புறுதிப் பத்திரம் கரைந்தது. இசைத்தட்டுகளும் நூல்களும் விலைபோயின. மனைவி விஜயாவின் நகைகள் அடகுக்குச் சென்றன. வேலையையும் விடமுடியாத நிலையில் விடுமுறை நாட்களிலே போரால் என்ற கிராமத்துக்குச் சென்று படமெடுத்தார்கள். மாதக்கணக்கில் வேலை நின்ற காலத்தில், அபுவாக நடித்த சிறுவனின் குரல் உடையாமலும், துர்க்காவாக நடித்த சிறுமி வளர்ந்துவிடாமலும், இந்திர் பாட்டியாக நடித்த, எண்பது வயதை எட்டிய சுனிபாலா தேவி காலமாகிவிடாமலும் இருந்ததே அப்படத்தின் பெரும் பாக்கியம்.

இந்த இடத்தில் அசையாப் படங்களே அசையும் படத்தைக் காப்பாற்றின என்பது பலர் அறியாத செய்தி. நியூயோர்க் நவீன கலை அருங்காட்சியகத்தைச் சேர்ந்த மன்றோ வீலர் 1954 இல் கல்கத்தா வந்தபோது, முடிவடையாத படத்தின் சில புகைப்படங்களைக் கண்ணுற்றார். அந்தப் புகைப்படங்களின் தரத்தை மாத்திரம் கொண்டே, படம் முடிந்தால் தமது அருங்காட்சியகத்திற் திரையிட அவர் முன்வந்தார். மேற்கு வங்க முதலமைச்சர் பி. சி. ரோயின் தலையீட்டில் மாநில அரசு எஞ்சிய பணத்தை வழங்கியது. படத்தின் வங்காளப் பெயர் பாதையின் பாட்டு எனப் பொருள்படும். அரசாங்கக் கணக்கில் அந்தத் தொகை வீதி அபிவிருத்தியின் கீழ்ப் பதியப்பட்டது! 1955 மே மாதம் நியூயோர்க்கிலும், ஓகஸ்ட் 26 ஆம் திகதி கல்கத்தாவிலும் படம் திரைக்கு வந்தது. 1956 இல் கான் விழாவில் சிறந்த மனித ஆவணம் என்ற விருதைப் பெற்றது.

பதேர் பாஞ்சாலியைப் பார்த்தவர்கள் கதையை மறந்திருக்கலாம். ஆனால் சில படிமங்களை மறக்கமாட்டார்கள். இனிப்பு விற்பவனின் பின்னால் இரு பிள்ளைகளும் ஒரு நாயும் வரிசையாக ஓட, அந்த ஊர்வலம் குளத்து நீரில் தலைகீழாகத் தெரிகின்றது. மழைக்கு முன்னரான அமைதியில் நீர்ப்பூச்சிகள் குளத்தின் மேற்பரப்பில் சறுக்கி விளையாடுகின்றன. வாங்கித் தின்னக் காசில்லாத பிள்ளைகள் அவர்கள். அந்த மழையில் நனைந்துதான் துர்க்கா காய்ச்சலில் இறக்கப்போகிறாள். பூச்சிகளின் விளையாட்டில் நாம் சொக்கியிருந்த கணத்திலேயே மரணம் வீட்டை நோக்கி நடந்துவிட்டது. தந்தை ஊர்திரும்பி மகளுக்கென வாங்கிவந்த சேலையை நீட்டும்போது தாயின் வாயிலிருந்து எழும் ஓலத்தை நாம் கேட்பதில்லை. ரவி சங்கரின் இசையே அவ்விடத்தில் ஓலமிடுகின்றது. துர்க்கா திருடி மறைத்துவைத்த மாலையை அவள் இறந்தபின் அபு கண்டெடுத்து, எவரும் அறியாமற் குளத்தில் எறிகிறான். பாசி விலகி, மீண்டும் மூடிக்கொள்கின்றது. அழகு இங்கே அலங்காரமாக வரவில்லை. இழக்கப்படுவது எவ்வளவு பெறுமதியானது என்பதை அதுவே அளந்து காட்டுகின்றது.

அடுத்து வந்த அபராஜிதோவில் காசி நகரத்து வீட்டின் முற்றத்தைக் கல்கத்தாப் படப்பிடிப்பு நிலையத்தில் அமைக்க நேரிட்டது. மேலிருந்து நிழலின்றிப் பரவும் இயற்கை வெளிச்சத்தை அங்கே எவ்வாறு கொண்டுவருவது? மித்ரா முற்றத்தின் மேலே வெண்துணியை விரித்துக் கட்டி, விளக்குகளைக் கீழிருந்து அத்துணியின்மீது பாய்ச்சினார். துணியிற் பட்டுத் திரும்பிய ஒளி, வானத்தின் ஒளிபோல மென்மையாக இறங்கியது. இன்று உலகெங்கும் சாதாரணமாகிவிட்ட இம்முறையை 1956 இல் ஒரு கொட்டகைக்குள் கண்டுபிடித்தது, ஒரு புகைப்படக்காரனின் பிடிவாதமே. அப்படம் 1957 இல் வெனிஸ் விழாவின் தங்கச் சிங்கத்தை வென்றது.

எமது நாட்டிலும் அதே 1956 இன் இறுதியில், லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் கமராவைப் படப்பிடிப்பு நிலையத்திலிருந்து கிராமத்துக்கு எடுத்துச் சென்று ரேகாவவை உருவாக்கியிருந்தார். இருவரும் நண்பர்கள். 1965 இல் புதுடில்லி சர்வதேசத் திரைப்பட விழாவில் லெஸ்ரரின் கம்பெரலியவுக்குத் தங்க மயில் விருதை வழங்கிய நடுவர் குழுவின் தலைவராக வீற்றிருந்தவர் ரேயே என்பது இலங்கையர் பெருமையோடு நினைவுகூரத்தக்கது.

1962 இல் வெளிவந்த காஞ்சன்ஜங்கா, ரே தாமே கதையெழுதிய முதற்படம். அவரது முதல் வண்ணப்படமும் அதுவே. டார்ஜிலிங்குக்கு விடுமுறையில் வந்த செல்வந்தக் குடும்பமொன்று ஒரு பிற்பகலில் நடந்து திரிகின்றது. பனிமூட்டம் மலையை மறைத்திருக்கிறது. குடும்பத் தலைவர் விடுமுறை முழுவதும் சிகரத்தைக் காணக் காத்திருந்தவர். இறுதியில் மூட்டம் விலகிச் சிகரம் பொன்னாக ஒளிர்கின்றது. ஆனால் தமது அதிகாரம் குடும்பத்தில் செல்லாமற்போன கோபத்தில் அவர் அதனைக் கவனிப்பதேயில்லை. தாகூர் எழுதிக் கொடுத்த அந்தச் சிறு கவிதையின் நீண்ட உரைபோலவே இப்படம் எனக்குத் தோன்றுகின்றது. வெளிவந்தபோது ரசிகர்கள் இதனைப் பெரிதும் ஏற்கவில்லை.

1964 இன் சாருலதாவை அவரது மிகப் பூரணமான படைப்பாகக் கொள்வோர் பலர். பெரிய வீடொன்றில் தனித்திருக்கும் இளம் மனைவி, யன்னல் மறைப்புகளின் இடுக்கு வழியாகச் சிறு தொலைநோக்கி கொண்டு வீதியிற் செல்வோரை ஒவ்வொருவராகப் பார்க்கிறாள். குடை பிடித்து நடக்கும் தடித்த மனிதர் ஒருவர் அவளது முழுப் பிற்பகலையும் நிறைத்துவிடுகிறார். பிறகு அதே கருவியை, புத்தகத்தில் ஆழ்ந்து தன்னைக் கவனியாமற் கடந்துசெல்லும் கணவர் மீதும் திருப்புகிறாள். பவானிபூர் வீட்டின் மூடிய யன்னலை அறிந்தவருக்கு அந்தக் காட்சியின் ஊற்று எங்கிருக்கிறதெனப் புரியும். இப்படத்திலிருந்துதான் ரே கமராவையும் தம் கையாலேயே இயக்கத் தொடங்கினார். படத்தின் முடிவில், பிரிந்துபோன கணவனும் மனைவியும் ஒருவருக்கொருவர் கைநீட்டும்போது காட்சி அப்படியே உறைகின்றது. நீட்டிய கைகள், அவள் முகம், அவர் முகம், விளக்கேந்திய வேலையாள் என அடுத்தடுத்து அசையாப் படங்கள் மட்டுமே. கைகள் சேர்ந்தனவா என்பதைப் படம் சொல்லவில்லை. சினிமா பதில் சொல்லவேண்டிய இடத்தில் ரே புகைப்படத்திடம் திரும்பிச் சென்றார். புகைப்படத்துக்கு அடுத்த கணம் என்பது கிடையாதல்லவா?

ரே மீதான கண்டனங்களில் மிகக் கடுமையானதும் இந்த அழகைப் பற்றியதே. 1980 இல் இந்திய மாநிலங்களவையின் உறுப்பினராயிருந்த நடிகை நர்கிஸ், ரே இந்தியாவின் வறுமையை வெளிநாடுகளுக்கு ஏற்றுமதி செய்கிறார் என்று சாடினார். வயலிற் கலப்பையைத் தோளிற் சுமந்து இழுக்கும் தாயாக நடித்தே அழியாப் புகழ்பெற்றவர் அவர் என்பதை எண்ணும்போது இக்குற்றச்சாட்டு விசித்திரமானது. இடதுசாரி விமர்சகர்களோ இதற்கு நேரெதிரான திசையிலிருந்து வந்தார்கள். வறுமை காட்டப்பட்டதல்ல, அது அழகாகக் காட்டப்பட்டதே அவர்களது மனக்குறை.

இக்கேள்வி கூர்மையடைந்தது 1973 இல் வெளியான அஷானி ஷங்கேத் என்ற படத்தோடு. 1943 பஞ்சத்தைப் பற்றிய படம். இதுவும் விபூதிபூஷணின் நாவலே. பங்களாதேஷ் நடிகை பபிதா இதிலே கிராமத்துப் புரோகிதரின் மனைவியாக நடித்தார். குளிர்ந்த நீரிலே அளையும் ஒரு கையோடு தொடங்கும் படம், பசுமை பொங்கும் வண்ணங்களில் விரிகின்றது. வானில் செல்லும் போர்விமானங்களைப் பெண்கள் பறவைக் கூட்டத்தைப் பார்ப்பதுபோல அண்ணாந்து பார்க்கிறார்கள். பட்டாம்பூச்சிகள் பறக்கின்றன. இவற்றுக்கு நடுவே அரிசி விலை ஏறுகின்றது; அரிசி மறைகின்றது; தீண்டத்தகாதவளென ஒதுக்கப்பட்ட பெண்ணொருத்தி மரத்தடியில் முதற்பலியாகிறாள். பேர்லின் விழா தங்கக் கரடி விருதை வழங்கியது. ஆனால் பஞ்சத்தை இத்தனை வண்ணத்தோடு எடுத்திருக்கலாமா என்ற கேள்வி வங்காளத்திலேயே எழுந்தது. சுனில் ஜானாவின் கறுப்பு வெள்ளைப் படங்களைக் கண்ட தலைமுறைக்கு அது இயல்பான கேள்வியே.

ஆனால் ரேயின் தெரிவுக்குப் பின்னால் ஒரு நியாயம் இருந்தது. அந்தப் பஞ்சத்தில் நிலம் வரளவில்லை, ஆறுகள் வற்றவில்லை. யுத்தகால விலையேற்றமும், பதுக்கலும், காலனித்துவ ஆட்சியின் கைவிடலுமே மக்களைக் கொன்றன. உணவின் அளவைவிட, உணவைப் பெறும் ஆற்றலை மக்கள் இழந்ததே பஞ்சத்தின் காரணம் என்பதைப் பொருளியலாளர் அமர்த்தியா சென் 1981 இல் தமது நூலில் விரிவாக நிறுவினார். அதற்கு எட்டு ஆண்டுகள் முன்னரே, இயற்கை எந்தக் குறையும் வைக்காத ஒரு கிராமத்தில் மனிதர் பட்டினியால் மடிவதை ரே வண்ணத்தில் காட்டிவிட்டார். வெடித்த நிலத்தைக் காட்டியிருந்தால் பழி வானத்தின் மீது விழுந்திருக்கும். பசுமையைக் காட்டியதால் அது விழவேண்டிய இடத்தில் விழுந்தது. இருந்தும், எல்லாச் சட்டகங்களும் இந்த நியாயத்துக்குள் அடங்கிவிடுவதாக நான் கருதவில்லை. சில இடங்களில் வண்ணங்கள் கதையை மீறி இனிக்கின்றன. இறுதியில் தொடுவானில் ஒரு முதியவரும் குடும்பமும் நிழலுருவங்களாகத் தோன்றி, அவர்களுக்குப் பின்னால் இன்னும் பலர், இன்னும் பலர் எனப் பெருகி வரும் காட்சியில் அக்குறை மறந்துபோகின்றது.

1977 இல் அவர் ஹிந்தி-உருது மொழியில் எடுத்த சத்ரஞ் கே கிலாடி, அழகின் மீதான இதே வழக்கை வேறொரு மன்றத்தில் விசாரித்தது. பிரேம்சந்தின் சிறுகதையை ஆதாரமாகக் கொண்டது இப்படம். 1856 இல் அவத் இராச்சியத்தை ஆங்கிலேயர் கைப்பற்றும் வேளையில், கவிஞரும் இசைவாணரும் கதக் நடனத்தின் புரவலருமான நவாப் வாஜித் அலி ஷா தமது கிரீடத்தைக் கழற்றி நீட்டுகிறார். பிரபுக்கள் இருவர் ஊருக்கு வெளியே சதுரங்கம் ஆடிக்கொண்டிருக்கின்றனர். கலையில் மூழ்கியதால் நாடு போயிற்றா? ரே நவாபைக் கேலிப்பொருளாக்கவில்லை; முற்றாக மன்னிக்கவும் இல்லை. லக்னோவின் தும்ரி இசையையும் நாகரிகத்தையும் அத்தனை மரியாதையோடு படைத்த வங்காளி, ஆங்கிலத் தளபதியின் வாயாலேயே அந்த அபகரிப்பின் அநீதியை ஒப்புக்கொள்ளச் செய்கிறார்.

பார்வையைப் பற்றிச் சிந்தித்தவர் பார்வையின்மையைப் பற்றியும் படமெடுத்தார். சத்திரசிகிச்சையொன்றின் பின் முற்றாகக் கண்ணொளி இழந்தும் வரைவதை நிறுத்தாத தமது ஆசிரியர் பினோத் பிஹாரியைப் பற்றி 1972 இல் அகக்கண் என்ற குறும்படத்தை எடுத்தார். 1976 இல், தாம் பதினான்கு வயதில் கல்கத்தா மேடையிற் கண்டு வியந்த பரதக் கலைஞர் பாலசரஸ்வதியைப் பற்றிப் பாலா என்ற ஆவணப்படத்தை உருவாக்கினார். அப்போது அந்த அம்மையாருக்கு வயது 58. கடற்காற்றில் சேலையும் கூந்தலும் அலைய அவர் அபிநயிக்கும் காட்சி தமிழர் அனைவரும் காணவேண்டியது.

ரேயின் பணியைக் கால் நூற்றாண்டாக நிழல்போலத் தொடர்ந்த புகைப்படக் கலைஞர் நிமாய் கோஷ், நாடக நடிகராக இருந்தவர். வாடகைக் காரொன்றில் யாரோ மறந்து விட்டுப்போன கமரா ஒன்று தற்செயலாகக் கைக்கு வர, 1968 இல் ரேயின் படப்பிடிப்புத் தளத்துக்குச் சென்றார். எவரையும் நிற்கச் சொல்லாமல், மின்வெட்டு விளக்கு பயன்படுத்தாமல் அவர் எடுத்த படங்கள் ரேக்குப் பிடித்துப்போயின. 1987 இல் வெளியான கார்த்தியே பிரசோனின் இந்தியப் புகைப்படத் தொகுப்புக்கு முன்னுரை எழுதியவர் ரே. 1991 இல் ரேயின் எழுபதாவது அகவையையொட்டி நிமாய் கோஷின் படங்கள் நூலானபோது அதற்கு முன்னுரை எழுதியவர் கார்த்தியே பிரசோன்.

1983 இல் ஏற்பட்ட மாரடைப்பின் பின்னர் வைத்தியர்கள் ரேயை வெளிப்புறப் படப்பிடிப்புக்கு அனுமதிக்கவில்லை. மழையையும் குளத்தையும் தேடிச் சென்றவர் நான்கு சுவர்களுக்குள் அடைபட்டார். இறுதிப் படங்களில் பேச்சு கூடி, பார்வை குறைந்ததென்று விமர்சகர்கள் எழுதியதில் உண்மை இருக்கின்றது. 1992 மார்ச்சில் வாழ்நாள் சாதனைக்கான ஒஸ்கார் விருதினை அவர் கல்கத்தா வைத்தியசாலைக் கட்டிலில் இருந்தவாறே ஏற்றுக்கொண்டார். பாரத ரத்னா விருதும் அந்த ஆண்டிலேயே கிடைத்தது. ஏப்ரல் 23 ஆம் திகதி காலமானார்.

அவர் எடுத்த ஆவணப்படங்களில் அதிகம் பேசப்படாத ஒன்றுண்டு. தந்தையாரின் நூற்றாண்டையொட்டி 1987 இல் உருவாக்கிய அரைமணிநேரப் படம் அது. இரண்டு வயதில் இழந்த தந்தையின் அசையும் உருவம் எதுவும் உலகில் இல்லை. குரலும் இல்லை. இருந்தவை பழைய புகைப்படங்களும், அவர் வரைந்த விசித்திரப் பிராணிகளின் சித்திரங்களும், பாட்டனாரின் அச்சகத்திலிருந்து வந்த தாள்களும் மட்டுமே. அறுபத்தாறு வயதான மகன் அவற்றைக் கமராவின் முன் ஒவ்வொன்றாக வைத்து, ஒரு முகத்திலிருந்து இன்னொரு முகத்துக்கு மெதுவாக நகர்ந்து சென்றார்.